டிப்டி நஸீர் அஹ்மத்: தண்டனைச் சட்டத்திலிருந்து குர்ஆன் வரை

உருது இலக்கிய வரலாறுகளில் நஸீர் அஹ்மத் முதல் நாவலாசிரியர் என்ற இடத்தில் உட்கார்ந்திருக்கிறார். அந்த இடம் அவருக்கு உரியதுதான். ஆனால் அவர் தொழிலால் அரசு அதிகாரி, கல்வியால் அரபிப் புலவர். மொழிபெயர்ப்பு என்று எடுத்தால் இரண்டு பெரிய நூல்களை உருதுவுக்குக் கொண்டுவந்தவர். 1861-இல் வெளிவந்த இந்தியத் தண்டனைச் சட்டத்தின் உருது வடிவத்தில் அவர் கை பெரிது. அதற்கு ஏறத்தாழ முப்பத்தைந்து ஆண்டுகள் கழித்துக் குர்ஆனை மொழிபெயர்த்தார். ஆங்கிலத்தில் இருந்த சட்டத்தை உருதுவாக்க அவர் அரபியிடம் கடன் வாங்கினார். அரபியில் இருந்த வேதத்தை உருதுவாக்கத் தில்லி வீடுகளின் முற்றத்துப் பேச்சிடம் போனார். முதல் கடன் இன்றும் நீதிமன்றங்களில் புழங்குகிறது. இரண்டாவது அவரைக் கடைசிவரை சர்ச்சையில் மாட்டிவைத்தது.

வட இந்தியாவில் பிஜ்னோர் மாவட்டத்தைச் சேர்ந்த ரேஹர் என்ற சிற்றூரில் அவர் பிறந்தார். பிறந்த ஆண்டை 1830 என்றும் 1836 என்றும் எழுதுவோர் உண்டு. மௌலவிகளும் முஃப்திகளும் வழிவழியாக வந்த குடும்பம். பெயர் இருந்தது, பணம் இல்லை. தந்தை சஆதத் அலி பிள்ளைகளுக்கு ஓதிக்கொடுத்துப் பிழைத்தவர். மகனுக்குப் பாரசீகத்தையும் அரபியையும் அவரே தொடங்கிவைத்தார். பிறகு பிஜ்னோரில் டிப்டி கலெக்டராக இருந்த நஸ்ருல்லாஹ் கான் என்ற அறிஞரிடம் பையன் சில காலம் பாடம் கேட்டான். 1842-இல் தந்தை அவனைத் தில்லிக்கு அழைத்துப்போய், பஞ்சாபி கட்ரா பகுதியில் இருந்த அவுரங்காபாதி பள்ளிவாசலில் மௌலவி அப்துல் காலிக்கிடம் ஒப்படைத்தார்.

அந்தப் பள்ளிவாசல் வாழ்க்கையை நஸீர் அஹ்மத் முதுமையில் தம் மாணவர் மிர்ஸா ஃபர்ஹத்துல்லாஹ் பேகிடம் விரிவாகச் சொல்லியிருக்கிறார். பேக் அதை எழுத்தில் வார்த்த கட்டுரை உருது வாழ்க்கைச் சித்திரங்களில் தலைசிறந்தவற்றுள் ஒன்று. ஓதவந்த பிள்ளைகளுக்குப் பள்ளிவாசலில் படுக்க இடம் உண்டு, சோறு இல்லை. தெருத்தெருவாகப் போய் வீட்டு வாசல்களில் ரொட்டி கேட்டு வாங்கிவந்து சாப்பிட வேண்டும். குளிர்காலத்தில் போர்வை கிடையாது. தொழுகைக்கு விரிக்கும் நீளப் பாயின் ஓர் ஓரத்தில் படுத்து, உருண்டு உருண்டு அதைத் தன்மேல் சுற்றிக்கொள்வான் பையன். அவனோடு இருந்த அண்ணன் இன்னொரு பாயில். விடிந்ததும் பள்ளிவாசல் ஆள் வந்து ஓர் உதை விடுவார். பாய் உருண்டு விரியும், உள்ளே இருந்தவன் தரையில் கிடப்பான். படுக்கையை எடுத்துவைக்கும் வேலையும் அத்தோடு முடிந்தது.

ரொட்டி வாங்கப் போகும் வீடுகளில் ஆசிரியரின் வீடும் ஒன்று. அங்கே சும்மா கொடுத்துவிட மாட்டார்கள். அம்மியில் மசாலா அரைக்கச் சொல்வார்கள். அந்த வீட்டுப் பேத்தி ஒரு குறும்புக்காரச் சிறுமி. அரைப்பது சுணங்கினால் குழவியைப் பிடுங்கி அவன் விரல் முட்டியில் தட்டுவாள். பிற்காலத்தில் அவளே அவருக்கு மனைவியானாள். பெண்களின் பேச்சை அவரைப்போல எழுதியவர் அந்தக் காலத்தில் இல்லை என்கிறார்கள். அந்தப் பேச்சை அவர் காதில் வாங்கியது இத்தகைய அடுக்களை ஓரங்களில்தான் என்று கொள்ளத் தடையில்லை. அந்த வட்டாரம் இன்று இல்லை. பஞ்சாபி கட்ராவையும் பள்ளிவாசலையும் பின்னாளில் தில்லி ரயில் நிலையம் விழுங்கிவிட்டது.

1846-இல் அவர் தில்லிக் கல்லூரியில் சேர்ந்தார். அதுவும் திட்டமிட்டு நடந்ததல்ல. கல்லூரியில் பரிசளிப்போ தேர்வோ நடக்கும் கூட்டத்தை வேடிக்கை பார்க்கப் போன பையன் நெரிசலில் வழுக்கி விழ, அங்கே தேர்வாளராக இருந்த முஃப்தி ஸத்ருத்தீன் ஆஸுர்தாவின் கண்ணில் பட்டான் என்றும், அவர் அங்கேயே அரபியில் கேள்வி கேட்டுச் சோதித்துப் பார்த்தார் என்றும் சொல்கிறார்கள். அஜ்மீரி வாசலருகே 1792-இல் மத்ரஸாவாகத் தொடங்கி 1825-இல் கல்லூரியான அந்த நிறுவனத்துக்கு ஒரு தனித்தன்மை இருந்தது. கணிதம், வானியல், பொருளியல் எல்லாவற்றையும் உருதுவிலேயே கற்றுக்கொடுத்தார்கள். அதற்குப் பாடநூல் வேண்டுமென்று கல்லூரியை ஒட்டி ஒரு மொழிபெயர்ப்புச் சங்கமே இயங்கியது. மாஸ்டர் ராமச்சந்திரர் அங்கே கணிதம் கற்பித்தார். முஹம்மத் ஹுசைன் ஆஸாத், ஸகாவுல்லாஹ் போன்றவர்கள் உடன் படித்தார்கள். நஸீர் அஹ்மத் அரபிப் பிரிவை எடுத்தார். ஆங்கிலப் பிரிவும் இருந்தது. ஆனால் மகன் ஆங்கிலம் படிப்பதைவிடச் செத்துப்போவதே மேல் என்று தந்தை சொல்லிவிட்டதாக அவரே குறிப்பிட்டிருக்கிறார். அந்தக் கல்லூரிக்குப் போகாதிருந்தால் தாம் குறுகிய மனம் கொண்ட ஒரு மௌலவியாக நின்றிருப்போம் என்றும் பின்னாளில் மேடையிலேயே ஒப்புக்கொண்டார்.

1854-இல் பஞ்சாபின் குஜ்ராத் மாவட்டத்தில் குஞ்ஜா என்ற ஊரில் ஆசிரியர் வேலை கிடைத்தது. இரண்டே ஆண்டுகளில் கான்பூரில் பள்ளிகளின் துணை ஆய்வாளரானார். 1857 கிளர்ச்சியின்போது அவர் தில்லியில் இருந்தார். நகரம் கொந்தளித்துக் கிடந்த நாட்களில், காயம்பட்டுக் கிடந்த ஆங்கிலேயப் பெண்மணி ஒருத்தியை அவர் மனைவி வீட்டார் எடுத்துவந்து மறைத்துவைத்துக் காப்பாற்றினார்கள். ஆங்கிலேயர் தில்லியைத் திரும்பப் பிடித்தபின் முஸ்லிம் குடும்பங்கள் கூட்டம் கூட்டமாக நகரைவிட்டு விரட்டப்பட்டன. அந்த நேரத்தில் இந்த உதவி குடும்பத்துக்குக் கேடயமாயிற்று. நஸீர் அஹ்மதுக்கு மறுபடி வேலையும் கிடைத்தது, இம்முறை அலாகாபாதில். தந்தை தடுத்த ஆங்கிலத்தை அவர் அங்கேதான், வேலைக்கு இடையே, சில மாதங்களில் கற்றுக்கொண்டார்.

அந்த ஆங்கிலத்துக்கு உடனே வேலை வந்தது. மெக்காலே தலைமையிலான குழு 1837-இல் வரைந்த தண்டனைச் சட்டம் இருபதாண்டுக்கு மேல் தூங்கி, 1860-இல் நிறைவேறி, 1862 ஜனவரி 1 முதல் நடப்புக்கு வருவதாக இருந்தது. 511 பிரிவுகள். வட இந்தியக் கச்சேரிகளில், அதாவது அரசு அலுவலகங்களிலும் நீதிமன்றங்களிலும், பாரசீகம் 1837-இலேயே விலக்கப்பட்டு, உருது அந்த இடத்துக்கு வந்திருந்தது. காவல் நிலைய எழுத்தர் முதல் தாசில்தார் வரை எல்லோருக்கும் சட்டம் உருதுவில் தேவை. வடமேற்கு மாகாணங்களின் கல்வித்துறை இயக்குநர் ஹென்றி ஸ்டூவர்ட் ரீட் இந்தப் பொறுப்பை ஏற்று, மௌலவி கரீம் பக்ஷ், மௌலவி அஸ்மத்துல்லாஹ் ஆகியோரோடு நஸீர் அஹ்மதையும் சேர்த்துக்கொண்டார். குழுவாகச் செய்த வேலை என்றாலும், நூலின் மொழி பெரும்பாலும் அவருடையது என்றே உருது உலகம் கொள்கிறது.

சிக்கல் எங்கே என்றால், ஆங்கிலச் சட்டம் ஒரே மாதிரியாகத் தோன்றும் இரண்டு குற்றங்களுக்கு நடுவே மயிரிழைக் கோடு போடும். அந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கம் ஒரு சொல், அந்தப் பக்கம் ஒரு சொல் வேண்டும். கடைத்தெருவில் இரண்டுக்கும் சேர்த்து ஒரே சொல்தான் இருக்கும். கொலையையே எடுத்துக்கொள்ளலாம். 299-ஆம் பிரிவு சொல்லும் குற்றமும் 300-ஆம் பிரிவு சொல்லும் குற்றமும் ஊர்ப்பேச்சில் கொலைதான். உருதுச் சட்டத்தில் முதலாவது ‘கத்லே இன்ஸான் முஸ்தல்ஸிமே ஸஸா’ ஆயிற்று, அதாவது தண்டனையை உடன்கொண்டுவரும் மனிதக் கொலை. இரண்டாவது ‘கத்லே அமத்’, மனமறிந்து செய்த கொலை. அவதூறுக்கு அமைந்த சொல்தான் எல்லாவற்றிலும் புகழ்பெற்றது: ‘இஸாலயே ஹைஸிய்யத்தே உர்ஃபி’. ஒருவருக்கு ஊரறிய இருக்கும் மதிப்பை அகற்றுவது என்று பிரித்துப் பொருள் கொள்ளலாம். ஆங்கிலச் சொல்லில் இல்லாத விளக்கம் இந்தத் தொடருக்குள்ளேயே இருக்கிறது. குற்றம் ஒருவரைத் திட்டியதில் இல்லை, பிறர் பார்வையில் அவருக்கிருந்த நிலையைக் குலைத்ததில் இருக்கிறது என்று சொல்லே சொல்லிவிடுகிறது. முறையற்ற அடைப்பு ‘ஹப்ஸே பேஜா’, மிரட்டிப் பறிப்பது ‘இஸ்திஹ்ஸால் பில்ஜப்ர்’, குற்றமுறு நம்பிக்கை மோசடி ‘கியானத்தே முஜ்ரிமானா’.

இவை எதுவும் தெருவில் புழங்கிய உருது அல்ல. அரபி வேர்ச்சொற்களை எடுத்துப் பாரசீக இணைப்பில் கோத்த புதுச் சொற்கள். மத்ரஸாவில் ஃபிக்ஹ் என்ற மார்க்கச் சட்டமும் அரபி இலக்கணமும் ஓதியவரின் கைவண்ணம் அது. தெருச்சொல்லில் எழுதியிருந்தால் ஆளுக்கொரு பொருள் கொண்டிருப்பார்கள். பழகாத சொல் என்பதால் சட்டம் கொடுத்த பொருள் மட்டுமே அதில் ஒட்டிக்கொண்டது. வக்கீல், ஜாமீன், ஜப்தி, அமீனா என்று இதே கச்சேரி மொழியின் பழைய சொற்கள் தமிழ்நாட்டு நீதிமன்றங்கள் வரை வந்து தங்கியவை. நஸீர் அஹ்மத் காலத்துச் சொற்கள் அவ்வளவு தூரம் தெற்கே வரவில்லை. ஆனாலும் இந்திப் படத்தில் நீதிபதி தீர்ப்பு வாசிக்கும் காட்சியைப் பார்த்த எவருக்கும் ‘தாஸீராத்தே ஹிந்த், தஃபா 302’ என்ற முழக்கம் காதில் இருக்கும். தாஸீராத்தே ஹிந்த் என்பது அந்த 1861 மொழிபெயர்ப்பின் பெயர். இந்தியாவில் தண்டனைச் சட்டமே 2024 ஜூலை 1-இல் விடைபெற்றுவிட்டது. பாகிஸ்தானில் ‘தாஸீராத்தே பாகிஸ்தான்’ என்ற பெயரில் அச்சொற்கள் இன்னும் வேலை பார்க்கின்றன.

உழைப்புக்குப் பலனாக அரசு அவரைக் கல்வித்துறையிலிருந்து வருவாய்த்துறைக்கு மாற்றித் தாசில்தாராக்கியது. 1863-இல் டிப்டி கலெக்டர். இந்தியர் ஒருவர் அன்று ஏறக்கூடிய படிகளில் அது உயரமானது. பெயருக்கு முன்னால் ‘டிப்டி’ ஒட்டிக்கொண்டு, கடைசிவரை உதிரவே இல்லை.

நாவல் எழுதியது அதிகாரியாக ஊர் ஊராகச் சுற்றிக்கொண்டிருந்த காலத்தில். மகள்களுக்கு வீட்டில் படிக்கக் கொடுக்கத் தோதான புத்தகம் எதுவும் இல்லை என்று அவரே ஒன்றைச் சிறிது சிறிதாக எழுதினார். எழுதிய பக்கங்கள் தீர்ந்ததும் பிள்ளைகள் அடுத்ததைக் கேட்டு நச்சரித்தார்கள். கல்வித்துறை இயக்குநர் மாத்யூ கெம்ப்ஸன் சுற்றுப்பயணமாக வந்து முகாமிட்டிருந்தபோது, நஸீர் அஹ்மதின் மகனான சிறுவன் பஷீருத்தீனிடம் என்ன படிக்கிறாய் என்று கேட்டார் என்றும், அப்பா எழுதிக்கொடுத்த புத்தகம் என்றும் அக்காளிடம் இதைவிட நல்லது இருக்கிறது என்றும் பையன் சொன்னான் என்றும் ஒரு கதை வழங்குகிறது. 1869-இல் அது ‘மிர்ஆத்துல் உரூஸ்’ (மணமகளின் கண்ணாடி) என்ற பெயரில் அச்சேறியது. வடமேற்கு மாகாணங்களின் துணைநிலை ஆளுநர் வில்லியம் மியூர் நல்ல வட்டார மொழி நூல்களுக்கு அறிவித்திருந்த பரிசில் 1,000 ரூபாய் இதற்குக் கிடைத்தது. ஆளுநர் தம் சார்பில் ஒரு கடிகாரமும் கொடுத்தார். பள்ளிகளுக்காக அரசு 2,000 பிரதிகள் வாங்கியது.

கதை எளியது. அக்பரி, அஸ்கரி என்று இரண்டு சகோதரிகள் ஒரே வீட்டின் இரண்டு சகோதரர்களுக்கு வாழ்க்கைப்படுகிறார்கள். மூத்தவள் கோபக்காரி, வெகுளி. ஹஜ்ஜுக்குப் போய்வந்தவள் என்று வேடமிட்டு வந்த ஒருத்தியிடம் நகைகளைப் பறிகொடுக்கிறாள். இளையவள் மாமியார் வீட்டுக் கணக்கை எடுத்துப் பார்த்து, காலங்காலமாகக் கடைக்காரரோடு சேர்ந்து திருடிவந்த வேலைக்காரி மாமா அஸ்மத்தைப் பிடிக்கிறாள். வருவாய்த்துறை அதிகாரி கிராமக் கர்ணத்தின் ஏட்டைச் சரிபார்ப்பது போலவே அஸ்கரி மளிகைக் கணக்கைச் சரிபார்க்கிறாள். பாத்திரங்கள் நன்மை தீமை என்று இரு பக்கமாகப் பிரிந்து நிற்பது இன்று படிக்கும்போது சலிப்பூட்டத்தான் செய்கிறது. ஆனால் அவர்கள் வாய் திறந்ததும் அந்தச் சலிப்பு போய்விடுகிறது. தில்லிப் பெண்கள் பேசும் உருதுவுக்கென்று தனிப் பழமொழி, தனி வசவு, தனிச் செல்லம் உண்டு. அதை அச்சில் முதன்முதலாக முழு உயிரோடு பார்த்த வாசகர்கள் புத்தகத்தை விழுங்கினார்கள். இருபதாண்டுக்குள் ஒரு லட்சத்துக்கும் மேல் பிரதிகள் அச்சாயின.

1874-இல் வந்த ‘தவ்பத்துன் நஸூஹ்’ அவருடைய மார்க்கச் சிந்தனை வெளிப்படையாக இறங்கிய நாவல். டேனியல் டிஃபோவின் குடும்ப ஒழுக்க நூல் ஒன்றைத் தழுவியது. தில்லியில் காலரா பரவுகிறது. நஸூஹ் என்ற குடும்பத் தலைவர் சாவின் விளிம்பில் ஒரு கனவு காண்கிறார். மறுமை அங்கே ஒரு கச்சேரியாகத் தெரிகிறது. செத்துப்போன தகப்பனார் காவலில் இருக்கிறார், கையில் குற்றப்பத்திரிகை. தண்டனைச் சட்டத்தை மொழிபெயர்த்தவருக்கு இறுதித் தீர்ப்பு நாளும் இப்படித்தான் தோன்றும் போலும். பிழைத்தெழுந்த நஸூஹ் குடும்பத்தையே திருத்தக் கிளம்புகிறார். மூத்த மகன் கலீம், கவிதைப் பித்தன், அடங்க மறுத்து வீட்டைவிட்டு ஓடுகிறான். தகப்பன் அவனுடைய அறைகளைத் திறந்து, அங்கிருந்த கவிதை நூல்களையும் கதை நூல்களையும் குவித்துத் தீ வைக்கிறார். ஆசிரியரின் பரிவு தகப்பன் பக்கமே. ஆனால் வாசகர்கள் தலைமுறை தலைமுறையாகக் கலீமுக்காகத்தான் இரங்கியிருக்கிறார்கள். இந்தக் காட்சி பின்னால் ஒருமுறை நினைவுக்கு வரும்.

1877-இல் ஹைதராபாத் சமஸ்தானத்தின் திவான் ஸாலார் ஜங் அவரை அழைத்தார். நல்ல சம்பளத்தில் வருவாய் நிர்வாகத்தைச் சீரமைக்கும் பணி. அங்கே இருந்தபோது, நடுவயதைக் கடந்த நிலையில், குர்ஆன் முழுவதையும் சில மாதங்களுக்குள் மனனம் செய்து ஹாபிஸ் ஆனார். சமஸ்தானத்து அரசியல் அவருக்குச் சரிப்படவில்லை. 1884-இல் ஓய்வூதியத்தோடு தில்லி திரும்பினார். பிறகு எழுத்து, சொற்பொழிவு, அரபிப் பாடம், கொஞ்சம் வியாபாரம். ஸர் ஸையித் அஹ்மத் கானின் அலிகர் கல்வி இயக்கத்துக்கும் லாஹூரின் அஞ்சுமன் ஹிமாயத்தே இஸ்லாம் சங்கத்துக்கும் அவர் மேடைப் பேச்சு பெரிய பலமாயிற்று. மணிக்கணக்கில் பேசுவார், நகைச்சுவையும் குர்ஆன் வசனமும் மாறிமாறி வரும். ஆனால் ஸர் ஸையிதை அப்படியே பின்பற்றியவரல்ல. 1888-இல் எழுதிய ‘இப்னுல் வக்த்’ நாவலில், ஆங்கிலேயரைப் போல உடுத்து உண்டு வாழப் புறப்பட்டுக் கையைச் சுட்டுக்கொள்ளும் ஒருவரைக் காட்டினார். அது ஸர் ஸையிதைத்தான் குறிக்கிறது என்று பலரும் சொன்னார்கள். அவர் மறுத்தார்.

குர்ஆனை மொழிபெயர்க்கும் எண்ணம் தில்லியில் முதிர்ந்தது. அவருக்கு முன் அந்த ஊரிலேயே பெரிய மரபு ஒன்று இருந்தது. ஷாஹ் வலியுல்லாஹ் 1730-களின் இறுதியில் பாரசீகத்தில் மொழிபெயர்த்தார். அவருடைய மகன்கள் இருவர் உருதுவில் செய்தார்கள். ஷாஹ் ரஃபீஉத்தீனுடையது சொல்லுக்குச் சொல். ஷாஹ் அப்துல் காதிருடையது பேச்சுவழக்கை நெருங்கியது. 1790 வாக்கில் முடிந்தது. அதன் பெயர் ‘மூஸிஹே குர்ஆன்’. எழுத்துகளுக்கு எண்மதிப்பு கொடுத்துக் கூட்டும் அப்ஜத் முறையில் அந்தப் பெயரைக் கூட்டினால் 1205 வரும். அதுவே நூல் முடிந்த ஹிஜ்ரி ஆண்டு.

நூறாண்டு ஓடியபின் இவை வாசகருக்குத் தொலைவாகிவிட்டன. உருது இலக்கணம் சில இடங்களில் தமிழைப் போன்றது. வினைச்சொல் வாக்கியத்தின் கடைசியில் வரும். வேற்றுமை உருபு பெயருக்குப் பின்னால் வரும். அரபியில் வினை பெரும்பாலும் முன்னால், உருபும் முன்னால். வேதத்தின் ஒரு சொல்லைக்கூட இடம்பெயர்க்கக் கூடாது என்ற அச்சத்தோடு அரபி வரிக்கு நேர் கீழே உருதுச் சொல்லை வைத்துக்கொண்டே போனால், ‘பெயரால்’ என்பதை ‘ஆல் பெயர்’ என்று எழுதியது போல இருக்கும். அரபி தெரிந்தவருக்கு அது உதவும். அரபி தெரியாதவருக்கு, அதாவது மொழிபெயர்ப்பு யாருக்காகவோ அவருக்கு, அது இன்னொரு பூட்டு.

நஸீர் அஹ்மத் மௌலவிகள் சிலரை உடன் வைத்துக்கொண்டு, சில ஆண்டுகள் உழைத்து, 1890-களின் நடுவில் தம் மொழிபெயர்ப்பை வெளியிட்டார். வாக்கியத்தை முற்றிலும் உருது வாக்கியமாகவே அமைத்தார். அரபியில் சொல்லாமல் விடப்பட்ட இணைப்பு எங்கெல்லாம் உருது வாசகருக்குத் தேவைப்பட்டதோ, அங்கெல்லாம் தம் சொற்களை அடைப்புக்குறிக்குள் கொடுத்தார். அடைப்புக்குறிகளோடு படித்தால் தடையில்லாத உரைநடை. அவற்றை விட்டுவிட்டுப் படித்தால் மூலம் சொல்வது மட்டும். இன்று தமிழ் உட்படப் பல மொழிகளின் குர்ஆன் மொழிபெயர்ப்புகளில் இத்தகைய அடைப்புக்குறிகள் கண்ணில் படும். அன்று உருதுவில் அது புதுமையாகப் பட்டது. சரளமாகப் படிக்கிறவர் இறைவனின் சொல் எது, டிப்டி ஸாஹிபின் சொல் எது என்று எப்படிப் பிரித்தறிவார் என்று ஆட்சேபம் எழுந்தது.

பெரிய சண்டை மரபுத்தொடர்களைப் பற்றி வந்தது. நாவலில் அக்பரியையும் அஸ்கரியையும் பேசவைத்த அதே தில்லி வழக்குகளை அவர் மொழிபெயர்ப்பிலும் தாராளமாகப் பயன்படுத்தினார். யூஸுஃப் அத்தியாயத்தின் 17-ஆம் வசனம் நல்ல எடுத்துக்காட்டு. தம்பியைக் கிணற்றில் தள்ளிவிட்டு வந்த அண்ணன்மார், தகப்பனிடம் அழுதுகொண்டே, நாங்கள் ஒருவரையொருவர் முந்தி ஓடப் போனோம், யூஸுஃபைச் சாமான்களிடம் விட்டுவிட்டோம், ஓநாய் தின்றுவிட்டது என்ற பொருளில் பொய் சொல்லும் இடம். முந்தி ஓடுவதைக் குறிக்கும் அரபிச் சொல்லுக்கு நஸீர் அஹ்மத் போட்டது ‘கபடி’. வட இந்தியப் பையன்கள் திறந்தவெளிக்குப் போனால் வேறென்ன ஆடுவார்கள்? வாசகர் கண்முன் காட்சி உடனே எழும். ஆனால் மார்க்க அறிஞர் மௌலானா அஷ்ரஃப் அலி தானவி இதைப் பிடித்துக்கொண்டார். சொல்லகராதிப்படியும் தவறு, அறிவுப்படியும் தவறு என்றார். கபடி ஒரே இடத்தில் நின்று ஆடும் ஆட்டம். ஆடுகிறவர்கள் கண்பார்வையைவிட்டுப் போவதில்லை. ஓட்டப்பந்தயம் என்றால்தான் அண்ணன்மார் தொலைவுக்குப் போய்விடுவார்கள், ஓநாய்க்கு வழி பிறக்கும். கபடியைப் போட்டதால் அவர்கள் சொன்ன பொய்யே நிற்காமல் போய்விடுகிறது.

மொழிபெயர்ப்பு விமர்சனத்தில் இதைவிடக் கூர்மையான வாதம் அபூர்வம். தானவி அத்தோடு நிற்காமல், தவறென்று தமக்குப் பட்ட இடங்களைத் தொகுத்து ‘இஸ்லாஹே தர்ஜுமயே தெஹ்லவிய்யா’ என்ற பெயரில் தனி நூலே எழுதினார். பிறகு தாமே ‘பயானுல் குர்ஆன்’ என்ற மொழிபெயர்ப்பும் விரிவுரையும் கொண்டுவந்தார். அதை ஒருவகையில் நஸீர் அஹ்மதுக்கு எழுதிய பதில் என்றும் பார்க்கலாம். தில்லி வழக்கு தில்லிக்காரருக்குத்தான் இனிக்கும், லாஹூரிலும் பாட்னாவிலும் அதே தொடர் விளங்காது அல்லது இலேசாகத் தொனிக்கும் என்ற குறையும் இருந்தது. அது நியாயமான குறை. இத்தனைக்கும் நூல் விற்பனையில் சோடை போகவில்லை. பல பதிப்புகள் கண்டது. மௌலவிகள் குறை சொன்ன சரளத்துக்காகவே வீடுகளில் அதை வாங்கினார்கள்.

பட்டங்கள் அந்தக் காலத்தில்தான் வந்து சேர்ந்தன. 1897-இல் அரசு ‘ஷம்ஸுல் உலமா’ (அறிஞர்களின் சூரியன்) என்ற விருதைக் கொடுத்தது. 1902-இல் எடின்பரோ பல்கலைக்கழகம் சட்டத்தில் கௌரவ டாக்டர் பட்டம் வழங்கியது. 1906-இல் ‘அல்ஹுகூக் வல்ஃபராயிஸ்’ என்ற மூன்று பாக நூலை வெளியிட்டார். இறைவனுக்கும் மனிதருக்கும் செய்யவேண்டிய கடமைகளைக் குர்ஆன், ஹதீஸ் மேற்கோள்களோடு தலைப்புவாரியாக அடுக்கியது அது. சட்டத் தொகுப்பில் பழகிய கை என்பது அதன் அமைப்பிலேயே தெரியும்.

1908-இல் வந்த ‘உம்மஹாத்துல் உம்மா’ எல்லாவற்றையும் கலைத்தது. கிறிஸ்தவராக மாறிய ஒருவர் நபிகள் நாயகத்தின் மனைவியரைப் பழித்து 1897-இல் வெளியிட்ட நூலுக்கு மறுப்பாக எழுதப்பட்டது அது. நோக்கத்தில் யாருக்கும் ஐயமில்லை. ஆனால் நபியின் குடும்பத்தைப் பற்றி எழுதும்போதும் நஸீர் அஹ்மதின் பேனா தில்லிக் குடும்பத்தைப் பற்றி எழுதுவது போலவே ஓடியது. மிகுந்த மரியாதைச் சொற்களோடு மட்டுமே குறிப்பிடப்பட்டு வந்தவர்களை வீட்டுப்பேச்சின் சகஜத்தோடு எழுதியிருந்தார். ஆதரிக்க எழுதிய நூல் அவமதிப்பாகப் படிக்கப்பட்டது. கண்டனக் கூட்டங்கள் நடந்தன, மார்க்கத்தீர்ப்புகள் வந்தன. அவர் நூலைத் திரும்பப் பெற இணங்கினார். பிரதிகளைக் குவித்துத் தீ வைத்தார்கள். நஸூஹ் தன் மகனின் புத்தகங்களைக் கொளுத்தும் காட்சியை எழுதி ஏறத்தாழ முப்பத்தைந்து ஆண்டுகள்தான் ஆகியிருந்தன.

ஃபர்ஹத்துல்லாஹ் பேகும் அவர் நண்பரும் பாடம் கேட்கப் போனது இந்தக் கடைசிப் பத்திருபது ஆண்டுகளின் ஒரு பகுதியில். கல்லூரி மாணவர்களான இருவருக்கும் நஸீர் அஹ்மத் ஒதுக்கிய நேரம் கோடையின் நடுப்பகல். வெயிலில் நடந்து வருகிறார்களா என்பதுதான் நுழைவுத்தேர்வு. வந்தார்கள், கட்டணமில்லாமல் சொல்லிக்கொடுத்தார். ஷம்ஸுல் உலமா, டாக்டர், முன்னாள் அதிகாரி, வீட்டில் இடுப்பில் சிறு துண்டோடு ஹுக்கா இழுத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். அரபிக் கவிதையின் கடினமான வரியைத் தில்லிக் கடைத்தெரு உருதுவில் ஒரே தொடரில் அவிழ்த்துக் காட்டுவார். காசு விஷயத்தில் கறார். ஆனால் யாராவது வியாபாரம் தொடங்குகிறேன் என்று வந்தால் முதல் கொடுத்து ஏமாந்துபோவதும் உண்டு. வீட்டு வாசலில் ரொட்டி கேட்டுத் திரிந்ததை மறைக்கவே மாட்டார். முழுக்க நடித்துக்காட்டிச் சொல்வார்.

1912 மே மாதம் தில்லியில் காலமானார். பரிசு நூலுக்குக் காரணமான சிறுவன் பஷீருத்தீன் அஹ்மத் பின்னாளில் தில்லி நகரின் கட்டடங்களையும் வரலாற்றையும் மூன்று பெரிய பாகங்களில் எழுதி 1919-இல் வெளியிட்டார். அவருடைய மகன் ஷாஹித் அஹ்மத் தெஹ்லவி 1930-இல் ‘ஸாக்கி’ என்ற இலக்கிய இதழைத் தொடங்கி, பிரிவினையில் தில்லியை விட்டுக் கராச்சிக்குப் போனபின் அங்கிருந்தும் அதை நடத்தினார்.